அடி விழும் இடம்

கொக்கின் முகத்தில் மட்டும் கை வைக்கக் கூடாது என்பது மாமா தனக்குத்தானே போட்டுக்கொண்ட சட்டம். இரக்கத்தில் போட்ட சட்டமில்லை. அந்த முகம்தான் வீட்டுக்குச் சோறு போட்டது. ஆகவே கொக்கு எதற்காவது மாட்டேன் என்று சொன்னால், அடி அக்காவுக்கு விழும்.

மாமா, அக்காவின் கணவர். கொக்கு என்பது பள்ளிக்கூடத்தில் யாரோ வைத்து அப்படியே ஒட்டிக்கொண்ட பெயர். நீளக் கழுத்தும் நீளக் காலுமாக, கடைசி வரிசையில் தலை மட்டும் தனியாகத் தெரிய நிற்பாள். பிற்பாடு சினிமாவில் அவளுக்கு அழகான பெயர் ஒன்று வைத்தார்கள். வீட்டில் அதை யாரும் வாய் தவறிக்கூடச் சொன்னதில்லை. அம்மா இறந்தபோது அவள் நடை பழகிக்கொண்டிருந்தாள். அப்பா அதற்கு முன்பே வேறு குடும்பம் தேடிப் போயிருந்தார். அக்காதான் வளர்த்தாள். ஆயத்த ஆடைத் தொழிற்சாலையில் துணி வெட்டும் மேசை முன் நின்று நின்று அக்காவின் காலில் நரம்பு சுருண்டிருந்தது. ஆனால் அவள் கத்தரி போட்ட துணியை இன்னொரு முறை அளந்து பார்க்க வேண்டியதில்லை என்று அங்கே எல்லோரும் சொல்வார்கள்.

அக்கா கட்டிக்கொண்டது பக்கத்துத் தெருவில் ஸ்டுடியோ வைத்திருந்தவரை. பாஸ்போர்ட் படமும் குழந்தைகளின் பிறந்தநாள் படமும் எடுப்பவர். நன்றாகப் பேசுவார், எதிரில் இருப்பவரைச் சிரிக்க வைப்பார். கல்யாணமான முதல் மாதமே, சட்டையில் ஒரு பொத்தான் தைக்காமல் விட்டதற்காக அக்காவைச் சுவரோடு சேர்த்து அறைந்தார். பக்கத்து அறையில் பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருந்த கொக்கு, ஏதோ சாமான் விழுந்துவிட்டது என்றுதான் முதலில் நினைத்தாள்.

பள்ளி முடிந்ததும் அக்கா அவளைத் தன் தொழிற்சாலையிலேயே சேர்த்துவிட்டாள். புது மாதிரி உடைகளைத் தைத்ததும் ஓர் ஆளுக்குப் போட்டு, எங்கே தொய்கிறது, எங்கே பிடிக்கிறது என்று பார்ப்பார்கள். அந்த ஆள் கொக்கு. அசையாமல் நிற்பதுதான் வேலை. தையல்காரர்கள் துணியில் குத்தும் குண்டூசி சில நேரம் தோலிலும் இறங்கும். தொழிற்சாலைக்குப் படம் எடுக்க வந்த மாமா ஒருநாள் அதைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"குத்துது இல்ல?"

"ஆமா."

"முகத்துல ஒண்ணுமே தெரியலையே."

"முகத்துல காட்டினா அவங்க நிறுத்திருவாங்க மாமா. அப்புறம் எப்ப வீட்டுக்குப் போறது?"

மாமா சிரித்தார். அன்றே அவளை ஜன்னலோரம் நிற்க வைத்துச் சில படங்கள் எடுத்தார். அவை ஒரு துணிக்கடைக்குப் போயின. துணிக்கடையிலிருந்து ஒரு நகைக்கடை, ஒரு தலைவலி மாத்திரை, ஒரு குடை. ஒரு வருடத்துக்குள் பேருந்து நிலையத்துக்கு எதிரே மூன்று மாடி உயரத்துக்குக் கொக்கு நின்றாள். மாமா ஸ்டுடியோவைப் பூட்டிவிட்டு, விளக்கு வைக்கும் இரும்புத் தாங்கிகளையும் பழைய குடை விளக்குகளையும் வீட்டு நடையில் அடுக்கினார். இனி அவளைப் பார்த்துக்கொள்வதே தனக்கு வேலை என்றார்.

அவள் முதல்முறை மாட்டேன் என்றது ஒரு குளியல் சோப்பு விளம்பரத்துக்கு. ஈரத் துணியோடு பத்துப் பேர் முன்னால் நிற்க வேண்டும் என்றார்கள். மாமா கோபப்படவில்லை. டீயைக் குடித்து முடித்து, டம்ளரை எடுத்துக்கொண்டு சமையலறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார். அக்கா உள்ளேதான் இருந்தாள். பாத்திரம் உருளும் ஓசை கேட்டது, பிறகு ஈரத்துணியைக் கல்லில் அடிப்பது போல ஓர் ஓசை. கொக்கு கதவைத் தட்டினாள், உதைத்தாள். கொஞ்ச நேரம் கழித்து அவரே கதவைத் திறந்து, கையைத் துண்டில் துடைத்தபடி கேட்டார்.

"இப்ப என்னம்மா சொல்ற?"

அக்கா அடுப்புக்குக் கீழே உட்கார்ந்து, விலாவைப் பிடித்துக்கொண்டு, தங்கையைப் பார்க்காமல் தரையைப் பார்த்தாள். கொக்கு போய் அந்தச் சோப்பு விளம்பரத்தில் நின்றாள். அதற்குப் பிறகு நெடுநாள் அவள் எதற்குமே மாட்டேன் என்று சொல்லவில்லை. கண்ணியமான பெண், சொன்ன சொல் மீறாதவள் என்று அந்தத் தொழிலில் அவளுக்கு நல்ல பெயர் கிடைத்தது.

சினிமா வந்தது. முதல் இரண்டு படங்களில் கதாநாயகனுக்குப் பக்கத்தில் சும்மா நின்றாள். அவளுக்குக் குரல் கொடுத்தது வேறொரு பெண். கொக்கின் சொந்தக் குரல் கனத்த குரல். தொலைபேசியில் பேசினால் எதிர்முனையில் "சொல்லுங்க சார்" என்பார்கள். அந்த முகத்துக்கு அந்தக் குரல் பொருந்தாது என்று எல்லோரும் முடிவு செய்திருந்தார்கள்.

மூன்றாவது படத்தின் இயக்குநர் எதையும் நிஜமாகச் செய்பவர் என்று பேர் எடுத்தவர். நடிகர்களைப் பட்டினி போட்டுப் பசியைப் படம் பிடிப்பார். அந்தப் படத்தில் கணவன் மனைவியை அறையும் காட்சி ஒன்று இருந்தது. சாப்பாட்டு மேசை, இரண்டு நாற்காலி, ஜன்னலுக்கு வெளியே விளக்கு வைத்துச் செய்த வெயில். காலையில் தொடங்கினார்கள். கதாநாயகன் அடிக்கிற மாதிரி கையை வீசினார், கொக்கு தலையைத் திருப்பினாள்.

"பொம்மலாட்டம் மாதிரி இருக்கு" என்றார் இயக்குநர். கதாநாயகனைத் தனியே அழைத்துப் போய்த் தோளில் கை போட்டு ஏதோ பேசினார். கதாநாயகன் தலையை ஆட்டி மறுத்தார். கொஞ்ச நேரத்தில் மறுக்காமல் கேட்டுக்கொண்டிருந்தார். திரும்பி வந்தபோது கொக்கின் கண்ணைப் பார்க்கவில்லை.

அடுத்த அறை நிஜமாக விழுந்தது. கொக்கு அதை எதிர்பாராததால் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். இயக்குநர் திருப்தியில்லாமல் இன்னொன்று என்றார். பிறகு இன்னொன்று. தலைமுடி அலங்காரம் செய்யும் அம்மாளை யூனிட்டில் எல்லோரும் சீப்பம்மா என்பார்கள். ஐம்பது வயதை நெருங்கியவள், இடுப்பில் எப்போதும் ஒரு சீப்பு செருகியிருக்கும். ஒவ்வொரு அறைக்கும் நடுவில் அவள் ஓடிவந்து, பனிக்கட்டியைத் துணியில் சுற்றிக் கன்னத்தில் வைத்தாள்.

"பேச வேண்டியவங்க யாராவது பேசுங்களேன்யா" என்று முணுமுணுத்தாள். "பொண்ணு கன்னம் வீங்குது."

பேச வேண்டியவர் மாமா. அவர் கேமராவுக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். கொக்கு அவரிடம் போனாள்.

"மாமா, போதும்னு சொல்லுங்க."

மாமா கடிகாரத்தைப் பார்த்தார். "உங்க அக்கா வீட்டுல தனியா இருக்கா, இல்ல?" என்றார், சாதாரணமாக.

கொக்கு திரும்பிப் போய்த் தன் இடத்தில் நின்றாள்.

கடைசி அறையில் கதாநாயகனின் உள்ளங்கை கன்னத்தைத் தாண்டிக் காதின் மேல் அப்படியே மூடி விழுந்தது. தலைக்குள் ஏதோ பட்டென்று கிழிந்தது. பிறகு ஒரு விசில் சத்தம், நிற்காமல். நாற்காலியோடு விழுந்தவள் எழுந்து உட்கார்ந்தபோது எல்லோரும் கைதட்டிக்கொண்டிருந்தார்கள். கைதட்டல் வலப்பக்கத்திலிருந்து மட்டும் கேட்டது. இடப்பக்கமும் ஆட்கள் நின்று தட்டினார்கள். அவர்கள் வெறுமனே கையை ஆட்டுவது போலிருந்தது.

செவிப்பறை கிழிந்திருக்கிறது, தண்ணீர் படாமல் வைத்தால் தானே ஒட்டிக்கொள்ளும் என்றார் மருத்துவர். மறுநாள் மழைக் காட்சி. லாரித் தண்ணீரைக் குழாயில் பீய்ச்சி அடித்தார்கள். அந்தக் காது சீழ் வைத்து, வலித்து, பிறகு வலியும் இல்லாமல் ஒரேயடியாக அடங்கிப்போனது. அதை அவள் யாருக்கும் தெரியாமல் பார்த்துக்கொண்டாள்.

படம் ஓடியது. அந்த அறைதான் ஓட்டியது. கைபேசிக்குக் கைபேசி அது பறந்தது. டீக்கடை வாசலில் பையன்கள் ஒருவரையொருவர் அறைந்து அதே மாதிரி விழுந்து காட்டினார்கள். கல்யாணமான பெண்கள் அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்கள், அவர்களுடைய கணவர்கள் பக்கத்தில் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். கதாநாயகனுக்கு விருது கிடைத்தது. மேடையில் அவர் குரல் தழுதழுக்க, "அந்தத் தங்கச்சியோட பொறுமைக்கு இது சமர்ப்பணம்" என்றார்.

பாட்டு வந்தது தற்செயலாக. இன்னொரு படத்தில் தன் பாத்திரத்துக்கு யாரோ குரல் கொடுப்பதைப் பார்க்க ஒலிப்பதிவுக் கூடத்துக்குப் போயிருந்தாள். பக்கத்து அறையில் இசையமைப்பாளர் ஒருவர் முணுமுணுப்பு மாதிரி ஒரு மெட்டைப் பதிய வேண்டிக் காத்திருந்தார். பாட வேண்டியவள் வரவில்லை.

"யாராவது சும்மா ஹம் பண்ணுங்கப்பா, அளவுக்கு வச்சுக்கிறேன், அப்புறம் பாடகிய வச்சு மாத்திக்கலாம்" என்று நடையில் வந்து கேட்டார். அங்கே நின்றது கொக்கு மட்டும்.

உள்ளே போனாள். ஹெட்போனை ஒரு காதில் மட்டும் மாட்டி, மற்றதைத் தலைக்குப் பின்னால் தள்ளிவிட்டாள். இசையமைப்பாளருக்கு அது பழகிய பாடகர்கள் செய்வது போலத் தோன்றியது. தாளம் சரியாகப் பிடிபடாததால் அவள் உள்ளங்கையை மரச்சுவரில் வைத்துக்கொண்டாள். அதிர்வு கைக்கு வந்தது. வாயைத் திறந்தபோது அந்தக் கனத்த குரல் அறையை நிறைத்தது. எழுதியிருந்ததைத் தாண்டியும் போனது.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மாமா நின்று ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். வாய் அசைந்தது. கடிகாரத்தைத் தட்டிக் காட்டினார். கனத்த கதவு சாத்தியிருந்ததால் ஒரு சொல்லும் உள்ளே வரவில்லை. அவர் பேச்சுக் கேட்காத ஒரு இடத்தில் தான் நிற்பது இதுதான் முதல் தடவை என்று கொக்குக்குத் தோன்றியது. முடித்த பிறகும், இன்னொரு முறை பாடிப் பார்க்கட்டுமா என்று அவளாகவே கேட்டாள்.

அளவுக்கு எடுத்ததையே இசையமைப்பாளர் படத்தில் வைத்துவிட்டார். அடுத்த படத்தில் முழுப் பாட்டுக் கொடுத்தார். அறை வாங்கிய பெண்ணா இப்படிப் பாடுகிறாள் என்று ஊர் முழுக்கப் பேச்சு. பொருந்தாத குரல் இப்போது எல்லோருக்கும் பொருந்திப் போனது. மாமா மேடை நிகழ்ச்சிகளுக்கு ஒப்புக்கொள்ள ஆரம்பித்தார். கொக்கு மறுக்கவில்லை. பாடும்போது அவள் வேறு ஆளாக இருந்தாள். மேடையை விட்டு இறங்கியதும் கார் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு மாமா நிற்பார்.

ஒரு பெரிய அரங்க நிகழ்ச்சிக்கு மதியம் ஒத்திகை நடந்தது. வாத்தியக்காரர்கள் உட்கார்ந்திருந்தார்கள். நிகழ்ச்சியை ஏற்பாடு செய்தவர் ஒரு யோசனை சொன்னார். அந்தக் கதாநாயகன் சிறப்பு விருந்தினராக வருவார். மேடையில் அதே மேசை, அதே நாற்காலி. அவர் அறைவார், விளக்கு அணையும், திரும்ப விளக்கு வரும்போது கொக்கு பாடுவாள்.

"பிரமாதம்" என்றார் மாமா. "ஜனங்க கண்ணுல தண்ணி வரும்."

"மாட்டேன்" என்றாள் கொக்கு. மைக் திறந்திருந்ததால் அந்தச் சொல் காலி அரங்கு முழுக்கக் கேட்டது.

மாமா சிரித்தார். "சரிம்மா. பிடிக்கலன்னா விடு" என்று சொல்லிவிட்டு எழுந்து போனார். கொக்கு அடுத்த பாட்டின் பல்லவியில் இருக்கும்போது வெளியே கார் கிளம்புவதைக் கேட்டாள். கேட்ட காது நல்ல காது. பாட்டைப் பாதியில் விட்டு ஓடினாள்.

வாடகைக் காரில் ஏறி, ஒவ்வொரு சிக்னலிலும் ஓட்டுநரைத் திட்டினாள். அக்காவின் கைபேசி அடித்துக்கொண்டே இருந்தது. மாடிப்படி ஏறியபோது எதிர்வீட்டுக்காரர் கதவை லேசாகத் திறந்து பார்த்துவிட்டு மூடிக்கொண்டார். தன்னிடமிருந்த சாவியால் அவள் பூட்டைத் திறந்தாள்.

அக்கா படுக்கையறை வாசலில் மண்டியிட்டிருந்தாள். அவளுடைய வலக்கை நிலைக்கும் கதவுக்கும் நடுவே இருந்தது. மாமா கதவை இழுத்துச் சாத்தினார். பிறகு திறந்தார், திரும்பச் சாத்தினார். அக்கா கத்தவில்லை. வாயில் ஒரு துண்டை அடைத்திருந்தாள். அதை மாமா அடைக்கவில்லை. அக்கம்பக்கம் கேட்கக் கூடாதென்று அக்காவே அடைத்துக்கொண்டது.

"வந்துட்டியா" என்றார் மாமா. "பாரு, உன்னாலதான்."

கொக்கு நடையில் கிடந்த விளக்குத் தாங்கி ஒன்றை எடுத்தாள். பழைய இரும்பு, கனம். அதை வீசினாள். அது அவர் தோளில் பட்டுச் சுவரில் மோதிக் காரையைப் பெயர்த்தது. மாமாவுக்கு வலியை விட ஆச்சரியம்தான் அதிகம். இரண்டாவது வீச்சைக் கையால் தடுத்து, தாங்கியின் முனையைப் பிடித்துத் திருப்பி அவள் முகத்தில் குத்தினார். விளக்கை முடுக்கும் திருகு உதட்டோரத்தில் ஏறிக் கன்னம்வரை கிழித்துக்கொண்டு போனது.

உடனே அவர் நின்றுவிட்டார். தாங்கியைக் கீழே போட்டார்.

"ஐயையோ, முகம்" என்றார்.

கிட்டே வந்து அவள் முகவாயைப் பிடித்து, ஜன்னல் வெளிச்சத்தின் பக்கம் திருப்பினார். படம் எடுக்கும் முன் திருப்புவது போலத்தான் திருப்பினார். இரத்தத்தைக் கட்டைவிரலால் துடைத்துவிட்டு, எவ்வளவு ஆழம் என்று பார்த்தார். அந்தப் பார்வையில் கணக்குப் போய்க்கொண்டிருந்தது. கொக்கு அதைப் பார்த்தாள். குனிந்து தாங்கியை எடுத்து, அவர் முழங்காலில் இறக்கினாள்.

விழுந்தார். அதே முழங்காலில் மறுபடி இறக்கினாள். எலும்பு நொறுங்கியது கைக்குத் தெரிந்தது, மரச்சுவரில் தாளம் தெரிவது போல. அவர் தரையில் நகர்ந்து கட்டிலுக்கு அடியில் போகப் பார்த்தார். அவள் சட்டையைப் பிடித்து வெளியே இழுத்து மேலும் அடித்தாள், தோளில், முதுகில், தடுக்க வந்த கைமேல்.

"போதும்டி" என்று அக்கா கத்தினாள். துண்டைத் துப்பிவிட்டு, நசுங்கிய கையோடு தவழ்ந்து வந்து தங்கையின் இடுப்பைக் கட்டிக்கொண்டாள். "போதும்டி, செத்துருவாரு. போதும்."

கொக்கு நிறுத்தவில்லை. அக்கா தன் முழு எடையையும் போட்டு அவளைக் கீழே தள்ளிய பிறகுதான் அடி நின்றது.

எதிர்வீட்டுக்காரர் போலீஸை அழைத்திருந்தார். அத்தனை வருடமும் அழைக்காதவர் அன்றைக்கு அழைத்தார், ஏனென்றால் கத்தியது ஆண் குரல்.

மாமா பிழைத்தார். ஒரு கால் மடங்கவே இல்லை. கொக்கைச் சிறையில் வைத்தார்கள். முதல் வாரமே அங்கே ஒருத்தி, "அந்த அறையை ஒருதரம் நடிச்சுக் காட்டேன்" என்று விடாமல் நச்சரித்தாள். கொக்கு அவள் முடியைப் பிடித்துத் தண்ணீர்த் தொட்டி விளிம்பில் மோதினாள். பிறகு யாரும் கேட்கவில்லை. அப்போது அவளுக்கு ஒரு நிம்மதி வந்தது. அந்த நிம்மதியைப் பற்றி அவள் யாரிடமும் சொல்லவில்லை. ஜாமீனில் வந்தாள். வழக்கு இழுத்துக்கொண்டே போனது. அக்கா நீதிமன்றத்தில் தன் பழைய முறிவுகளை ஒவ்வொன்றாகச் சொன்னாள். கேட்டவர்களே தலையைக் குனிந்துகொண்டார்கள். தற்காப்பு என்று ஏற்றுக்கொண்டார்கள். விழுந்த பிறகு அடித்ததற்கு மட்டும் அபராதம் போட்டார்கள். விவாகரத்தும் கிடைத்தது. மாமா எங்கோ போய் மறுபடி ஸ்டுடியோ வைத்திருப்பதாகச் சொன்னார்கள்.

கன்னத் தழும்போடு விளம்பரம் இல்லை. நல்ல பெண் வேடமும் இல்லை. கெட்டவளாக நடிக்கக் கூப்பிட்டார்கள், நடித்தாள். அவளுடைய பாட்டுக்குத்தான் கூட்டம் கூடிக்கொண்டே போனது. அடி வாங்கியவள் என்று பார்த்தவர்கள் இப்போது அடித்தவள் என்று பார்த்தார்கள். அவள் வரும்போது ஆட்கள் நாற்காலியை விட்டு எழுந்தார்கள். அக்காவின் வலக்கையில் இரண்டு விரல் கோணிப்போயிருந்தன. இடக்கையால் கத்தரி பிடிக்கப் பழகி, தங்கைக்கு உடை தைத்துக்கொண்டு படப்பிடிப்புக்கெல்லாம் கூடவே வந்தாள். சீப்பம்மாவை முடி அலங்காரத்துக்குக் கொக்கே கேட்டு வைத்துக்கொண்டாள். மூவரும் ஒரே காரில் போய் வந்தார்கள். வண்டியில் சீப்பம்மா சொல்லும் யூனிட் கதைகளுக்கு அக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பாள். அப்படிச் சிரிக்கிறவள் என்பதே கொக்குக்கு அதுவரை தெரியாது.

அப்படி இருக்கையில், கொக்கே பாடி நடிக்கும் ஒரு பாட்டைப் படமாக்கிக்கொண்டிருந்தார்கள். கடும் வெயில். "உன்னை மட்டும் முன்னாடியே கூப்பிடறாங்க, கண்ணு. வா" என்று சீப்பம்மா வந்து சொன்னாள். சொன்னது இடப்பக்கம் நின்று. கொக்கு கண்ணை மூடி உட்கார்ந்திருந்தாள், கேட்கவில்லை. தூங்குகிறாள் போலும், கொஞ்சம் இருக்கட்டும் என்று சீப்பம்மா நகர்ந்துபோனாள். சற்று நேரத்தில் அந்தப் படத்தின் இயக்குநர் எல்லோர் முன்னாலும் ஒலிபெருக்கியில், "பெரிய பாடகி எழுந்து வர்ற வரைக்கும் வெயில் காத்திருக்குமா" என்று கேட்டார். சிலர் சிரித்தார்கள்.

கொக்கு எழுந்தாள். எதிரே சீப்பம்மா, கையில் சீப்போடு வந்துகொண்டிருந்தாள்.

"ஏன் எங்கிட்ட சொல்லல?"

"சொன்னேனே கண்ணு, நீதான்..."

அறைந்தாள். உள்ளங்கை கன்னத்தைத் தாண்டிக் காதில் விழுந்தது. சீப்பம்மா பக்கவாட்டில் சாய்ந்து, துணி மாட்டும் கம்பியைப் பிடித்துக்கொண்டு, உடைகளோடு சேர்ந்து விழுந்தாள்.

யூனிட் மொத்தமும் பார்த்தது. கொஞ்ச நேரம் கழித்துத் தயாரிப்பு நிர்வாகி கையைத் தட்டி, "சரி சரி, ஷாட்டுக்குப் போலாம், வெளிச்சம் போகுது" என்றார். எல்லோரும் அவரவர் வேலைக்குப் போனார்கள். அக்கா மட்டும் வந்து, விழுந்தவளைத் தூக்கி, உடைகளை அப்படியே மண்ணில் விட்டுவிட்டு, அவளைக் கூட்டிக்கொண்டு வாசல் பக்கம் நடந்தாள்.

சாயங்காலம் கொக்கு வீட்டுக்கு வந்தபோது அக்கா பையில் துணி அடுக்கிக்கொண்டிருந்தாள்.

"எங்க போற?"

"சீப்பம்மா வீட்டு மாடியில ஒரு ரூம் காலியாம்."

"நான் வேணும்னு அடிக்கலக்கா. ஏதோ கோவத்துல..."

"அவரும் அப்படித்தான் சொல்வாரு."

"அவரையும் என்னையும் ஒண்ணாச் சொல்லாத."

"சொல்லல. நீ என்மேல ஒரு நாளும் கை வச்சதில்ல. எனக்காக அடிச்சவ நீ, நான் மறக்கல." அக்கா பையின் வாயை இழுத்து மூடினாள். கோணல் விரல்களுக்கு அது சுலபமாக வரவில்லை. "ஆனா இன்னைக்கு நீ கையத் தூக்கினப்ப நான் குனிஞ்சேன்டி. அவ்ளோ தூரத்துல நின்னவ, தலையைப் பிடிச்சுக்கிட்டுக் குனிஞ்சேன். என் உடம்புக்கு ஆள் வித்தியாசம் தெரியல."

கொக்கு வாசலை மறித்து நின்றாள். "போகக் கூடாது" என்று அக்காவின் மணிக்கட்டைப் பிடித்தாள். அக்கா உதறவில்லை, கெஞ்சவும் இல்லை. தன் மணிக்கட்டின் மேலிருந்த அந்தக் கையை மட்டும் பார்த்துக்கொண்டு, மூச்சை அடக்கி, அசையாமல் நின்றாள். அந்த நிற்பைக் கொக்கு சின்ன வயதிலிருந்து பார்த்திருக்கிறாள். கையை எடுத்தாள். விலகி நின்றாள். அக்கா பையைத் தூக்கிக்கொண்டு படியிறங்கினாள்.

இரண்டொரு நாள் கொக்கு வீட்டை விட்டு வெளியே வரவில்லை. பிறகு சீப்பம்மா வீட்டுக்குப் போனாள். சீப்பம்மா வாசலிலேயே நின்று பேசினாள்.

"காது வலிக்குதா?" என்று கேட்டாள் கொக்கு.

"வலி போயிருச்சு. ரெண்டு காதும் கேக்குது. அதனால நீ செஞ்சது சரின்னு ஆயிடாது."

"தெரியும். என்ன செய்யணும்னு சொல்லுங்க."

"எனக்கு வேற படத்துல வேலை கிடைச்சாச்சு. உங்கிட்ட வர மாட்டேன்." சீப்பம்மா கொஞ்சம் யோசித்தாள். "மன்னிப்பெல்லாம் இப்படி வாசல்ல வந்து கேட்டா யாருக்குத் தெரியும்? எல்லாரும் பாக்கத்தானே அடிச்ச."

மறுநாள் படப்பிடிப்புத் தளத்தில், எல்லோரும் சாப்பிட உட்காரும் நேரத்தில், கொக்கு ஒலிபெருக்கியை வாங்கினாள். சீப்பம்மா மேல் தவறில்லை, என் இடது காது கேட்காது, அதைத் தொழில் போய்விடுமோ என்று இத்தனை வருடம் மறைத்தேன், அவங்க சொல்லாமலே விட்டிருந்தாலும் அடிக்க எனக்கு உரிமையில்லை என்றாள். சொன்னது அவ்வளவுதான். சிலர் தட்டைப் பார்த்தார்கள். தயாரிப்பு நிர்வாகி பக்கத்தில் வந்து, "எதுக்கு மேடம் இதெல்லாம், சின்ன விஷயம்" என்றார். அவரை அறைய வேண்டும் போலிருந்தது. ஒலிபெருக்கியை அவர் கையில் கொடுத்துவிட்டுப் போனாள்.

காது விஷயம் வெளியே வந்ததும் சில இசையமைப்பாளர்கள் அவளைக் கூப்பிடுவதை நிறுத்தினார்கள். பழைய இசையமைப்பாளர் நிறுத்தவில்லை. மேடைகள் குறைந்தாலும் இருந்தன.

அக்கா திரும்பி வரவில்லை. சீப்பம்மா வீட்டு மாடியில் ஒரு தையல் மிஷினைப் போட்டு, நாடகக் குழுக்களுக்கும் படங்களுக்கும் உடை தைத்தாள். கொக்கு நேரம் கிடைக்கும்போது மதியத்தில் போவாள். முதலில் சில தடவை அக்கா வாசலிலேயே பேசி அனுப்பினாள். பிறகு உள்ளே வரச் சொன்னாள்.

அப்படி ஒருநாள், மிஷின் ஓடிக்கொண்டிருக்க, கொக்கு சொன்னாள். "நேத்து ஒத்திகைல டிரம்ஸ் வாசிக்கிறவன் தாளத்தைக் கெடுத்துக்கிட்டே இருந்தான். மூணு தரம் சொல்லியும் கேக்கல."

அக்கா மிஷினை நிறுத்தினாள். "அடிச்சியா?"

"இல்ல. வெளிய போய்க் கட்டடத்தைச் சுத்திச் சுத்தி நடந்துட்டு வந்தேன்."

"கையத் தூக்கினியா?"

கொக்கு பொய் சொல்லலாமா என்று நினைத்தாள். "தூக்கினேன்" என்றாள்.

அக்கா துணியைத் திருப்பி மடிப்பைச் சரிசெய்தாள். "தூக்கவே தோணாத ஒரு காலம் வந்தா சொல்லு. பையை எடுத்துக்கிட்டு வந்துடறேன்."

"அப்படி ஒரு காலம் வராமலே போயிட்டா?"

"அப்ப நீ இங்க வந்து போயிட்டிரு. கதவைச் சாத்தவா போறேன்." அக்கா எழுந்து கையைக் கழுவினாள். "சாப்பிட்டியா?"

"இல்ல."

அக்கா இரண்டு தட்டு எடுத்து வைத்தாள். கீழே சீப்பம்மாவின் குரல் யாரிடமோ சத்தமாகப் பேசிக்கொண்டிருந்தது. கொக்கு தன் நல்ல காது அக்காவின் பக்கம் இருக்கும்படி மாறி உட்கார்ந்து, சாப்பிட ஆரம்பித்தாள். மாலையில் அவளுக்கு நிகழ்ச்சி இருந்தது.